எகிப்தில் மட்டும் தலைகீழ்

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நீயும் உன் மனைவியும் நல்ல உடல்நலத்தோடும், கடிதம் கண்டவுடன் பதில் போடும் பழக்கத்தோடும் இருக்க வேண்டுகிறேன். நான் நலம் என்று எழுதினால் அது பொய். பொய் எழுதக் கூடாது என்று கான்வென்டில் என்னை முழங்காலில் நிறுத்திச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். ஆகவே நேராக விஷயத்துக்கு வருகிறேன். ஞாயிற்றுக்கிழமை கார் எடுத்து வந்து என்னை அழைத்துப் போ. இனி நான் இந்த வீட்டில் இருப்பதாக இல்லை.

என் மருமகள் சிறுவர் கலைக்களஞ்சியம் தயாரிப்பது உனக்குத் தெரியும். இப்போது உலகத்து இயற்கைத் தெய்வங்கள். சாப்பாட்டு மேசை முழுக்கப் பட அட்டைகள். மழைக்காரர்கள் ஒரு வரிசை, கடல்காரர்கள் ஒரு வரிசை என்று தொழில் பார்த்து அடுக்கியிருந்தாள். கிரேக்கரைக் கிரேக்கரோடும் ரோமரை ரோமரோடும் வைப்பதல்லவா முறை?

"ஒரே வேலை பார்க்கிறவங்க ஒரே பக்கத்துல இருக்கட்டும் அத்தை, பிள்ளைங்களுக்குச் சுலபம்" என்றாள்.

"அப்போ உலகத்து மாமியாரையெல்லாம் ஒரே பக்கத்துல போடுவியா?"

"போட்டாச்சே! இடி மின்னல் பக்கத்துல."

மகன் சிரித்தான். சிரித்ததோடு விட்டானா? வேர்க்கிறது என்று மின்விசிறியை முழு வேகத்தில் சுழலவிட்டு அவன் அறைக்குள் போய்விட, அத்தனை கண்டத்துத் தெய்வங்களும் பறந்து சோபாவுக்கு அடியில் தஞ்சம் புகுந்தார்கள். மருமகள் குளித்துக்கொண்டிருந்தாள். வலிக்கிற முட்டியோடு நான்தான் குனிந்து கைக்கு எட்டியதையெல்லாம் பொறுக்கினேன். எகிப்து அட்டையில் ஒரு பெண் வளைந்து நிற்கிறாள், கீழே ஒரு ஆண் படுத்திருக்கிறான். பெண்ணுக்கு 'வானம்' என்றும் ஆணுக்குப் 'பூமி' என்றும் சீட்டு ஒட்டியிருந்தது. நான் பொறுக்கிய மற்ற அட்டைகளிலெல்லாம் பூமி அம்மாவாகவே இருக்க, இங்கே மட்டும் அப்பாவா? அவசரத்தில் மாற்றி ஒட்டிவிட்டாள், பாவம் என்று நானே சரிசெய்தேன். பூமி மேலேயும் வானம் கீழேயும் வந்தது உண்மைதான். படம் வரைந்தவன் குடித்திருப்பான் என்று நினைத்தேன்.

அட்டைகள் அப்படியே பதிப்பகத்துக்குப் போய்விட்டன. மறுநாள் பதிப்பாசிரியர் தொலைபேசியில் கத்தியது எனக்கே கேட்டது. "ஏம்மா, உங்க எகிப்துல மழை கீழேயிருந்து மேல பெய்யுமா? இன்னொரு தடவை இப்படி வந்தா வேற ஆள் பார்த்துக்கறேன்!"

மருமகள் என்னைத் திட்டவில்லை. "எகிப்துல வானம்தான் அம்மா, பூமிதான் அப்பா. இனிமே என் மேசையைத் தொடாதீங்க அத்தை" என்று மட்டும் சொன்னாள். திட்டியிருந்தால் திருப்பிக் கொடுத்திருப்பேன். தொடாதே என்றவளோடு எப்படி இருப்பது? பெட்டி கட்டிவிட்டேன்.

உன் வீட்டில் எல்லோருக்கும் என் ஆசிகள். அங்கே அலமாரிகளை நான் வந்து ஒழுங்குபடுத்தும்வரை யாரும் கைவைக்க வேண்டாம்.

இப்படிக்கு,
சொன்ன சொல் மாறாத உன் அக்கா

பி.கு.: வர வேண்டாம். அட்டைகளைத் திருப்பி அனுப்பி, தெய்வங்களை நாடு வாரியாகப் பிரித்துத் திங்கட்கிழமைக்குள் தரும்படி பதிப்பகம் சொல்லிவிட்டதாம். மருமகள் கதவருகில் வந்து நின்று, "அத்தை, ஆப்பிரிக்காவை மட்டும் பார்த்துக் குடுங்களேன். சந்தேகம்னா என்னைக் கேட்டுட்டு மாத்துங்க" என்றாள். முடியாது என்று சொல்லிக்கொண்டே பெட்டியைத் திறந்து கண்ணாடியை எடுத்தேன். நீ வந்தே தீருவாயானால் சும்மா வந்து உட்காராதே. தென்னமெரிக்கா இன்னும் சோபாவுக்கு அடியில்தான் இருக்கிறது, எனக்குக் குனிய முடியவில்லை.