துவக்கு நானாவும் எங்கள் தெருவின் காதுகளும்

துவக்கு நானாவைவிடச் சத்தமான மனிதர் இந்த மலைநாட்டில் இன்னொருவர் இருந்ததில்லை. இருந்தார் என்று யாராவது சொன்னால், அவர்கள் கேட்டது மனிதக் குரலையே அல்ல, அன்றைக்கு நானா திருத்திக்கொண்டிருந்த ஏதோ ஒரு துவக்கின், அதாவது துப்பாக்கியின், வெடியை.

கொஞ்சம் கூட்டிச் சொல்கிறேனோ என்று இப்போதே மனம் உறுத்துகிறது. ஆனால் ஒரு கலியாண வீட்டில் பக்கத்திலிருந்தவரின் காதோடு காதாக, "சோத்துக்கு உப்புப் பத்தல்ல" என்று நானா இரகசியம் சொன்னாராம். பின்வளவில் நின்ற சமையற்காரர் உப்புச் சட்டியோடு ஓடி வந்தாராம். நான் பார்க்கவில்லை. தெருவின் மேல்முனையில் இருந்த தையற்காரரின் மனைவி மாரியம்மா அக்கா சொன்னது. அக்கா பொய் சொல்லமாட்டார். கொஞ்சம் தாளித்துச் சொல்வார், அவ்வளவுதான்.

என் கணவருக்குக் கண்டியில் ஒரு கந்தோரில் கிளாக்கர் வேலை கிடைத்து, யாழ்ப்பாணத்திலிருந்து நாங்கள் வந்து குடியேறிய தெரு அது. தெருவின் கீழ்முனையில் மலையை வெட்டிய செம்மண் சுவர். அதற்கு முன்னால், தெருவே முஸ்லிம் அண்ணன் முறையில் நானா என்று கூப்பிட்ட அவரின் துவக்குத் திருத்தும் கடை. அதிலிருந்து மூன்றாவது வீடு எங்களுடையது. வாடகைக்கு எடுக்கும்போது அந்த வீடு ஏன் காலியாக இருக்கிறது என்று நாங்கள் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

மடுல்கெல்லைத் தோட்டத்துத் துரையின் இரட்டைக்குழல், தெல்தெனிய கமக்காரர்கள் காட்டுப்பன்றி விரட்டும், குழல்வாய்வழியே வெடிமருந்து இடிக்கிற பழைய நெட்டைத் துவக்கு, குண்டசாலைக் கொக்கோத் தோட்டத்தில் அணிலுக்கு வைத்திருந்த சின்னத் துவக்கு எல்லாம் நானாவிடம்தான் வரும். திருத்தியதை வெடித்துப் பார்க்காமல் கொடுக்கமாட்டார். சனிக்கிழமை காலை பத்து மணிக்கு, செம்மண் சுவரைப் பார்த்து வெடி. கண்டியில் ஒரு வெடி ஒன்றோடு முடிவதுமில்லை. ஹந்தானை மலை அதை வாங்கி எதிர்மலையான பைரவகந்தைக்குக் கொடுக்கும். பைரவகந்தை அதைத் திருப்பி எங்கள் கூரை ஓட்டுக்குக் கொடுக்கும்.

வெடிக்கு முன்னால் நானா ஒரு பை நிறைய இலவம்பஞ்சோடு வீடு வீடாக வருவார்.

"பஞ்சு வெச்சாச்சா?"

வைத்தாயிற்று என்று சொன்னால் போதாது. சொல்வது அவருக்குக் கேட்காது. முப்பது வருஷத் துவக்குச் சத்தம் அவருடைய இரண்டு காதையும் தின்றுவிட்டிருந்தது. ஆகவே தலையைச் சாய்த்துக் காதைக் காட்ட வேண்டும். புதுப்பெண்ணான நான் ஒரு அந்நிய மனிதருக்கு இடது காதையும் வலது காதையும் மாறி மாறிக் காட்டிக்கொண்டு நின்றதை, கந்தோருக்குப் புறப்பட்ட என் கணவர் படியில் நின்று பார்த்தார். அவரும் காதைக் காட்டிவிட்டுப் போனார்.

எதிர்வீட்டுப் பசுவுக்கும் பஞ்சு உண்டு. அது ஒவ்வொரு சனிக்கிழமையும் தலையை உதறிப் பஞ்சை விழுத்தித் தின்றுவிடும். நான் கர்ப்பமாக இருந்தபோது நானா நாலு துண்டு பஞ்சு கொடுத்தார். "ரெண்டு உசிருக்கு நாலு."

மற்ற இரண்டையும் எங்கே வைப்பது என்று கையால் கேட்டேன். நானா வெகுநேரம் யோசித்தார்.

"இப்போதைக்கிப் பத்திரமா வெச்சிக்கோங்கோ."

இதெல்லாம் சரி. வெடித்து முடிந்ததும் அதே மனிதர் தெருவின் நடுவில் வந்து நின்று, "எப்பிடி ஈந்திச்சி?" என்று கேட்பார். வெடி எப்படி இருந்தது என்று அர்த்தம். துவக்கு நோயாளி என்றால் சத்தம்தான் அதன் நாடி. சத்தம் கூராக வந்ததா, மழுங்கி மொத்தமாக வந்ததா, விசையை இழுத்த உடனே வெடித்ததா, கொஞ்சம் யோசித்துவிட்டு வெடித்ததா? நாடி பிடிக்க நானாவிடம் காது இல்லை. தெருவிடம் இருந்தது. ஆனால் தெருவின் காதில் அவரே பஞ்சை அடைத்துவிட்டார்.

"பஞ்ச வச்சி அடைச்சிப்புட்டு எப்படின்னு கேட்டா என்னாத்தங்க சொல்றது?" என்று மாரியம்மா அக்கா ஒருநாள் கத்தினார்.

"நல்லா ஈந்திச்சா? சந்தோஷம்" என்றார் நானா.

அந்தத் துவக்கு அடுத்த வாரமே திரும்பி வந்தது. அதன்பிறகு ஒரு சட்டம் வந்தது. கீழ்த்தெரு பஞ்சு வைக்கும். தூரத்திலிருக்கும் மேல்தெரு கேட்கும். மாரியம்மா அக்கா படியில் உட்கார்ந்து கேட்டு, கூர் என்றால் ஒரு விரலும், மொத்தம் என்றால் மூடிய கையும் காட்டுவார். "யோசிச்சி வெடிச்சிச்சி" என்பதற்குக் கன்னத்தில் கை வைப்பார். தெல்தெனியத் துவக்குகள் எல்லாமே கன்னத்தில் கை வைத்தவைதான்.

என் மகன் பிறந்து ஏழாம் மாதம். ஒரு சனிக்கிழமை நான் பின்வளவில் துணி அலசிக்கொண்டிருந்தேன். நானா வாசலில் கூப்பிட்டது காதில் விழுந்தது. அவர் கூப்பிட்டது மாத்தளையிலும் விழுந்திருக்கும். இந்த ஒரு துணியையும் பிழிந்துவிட்டுப் போகலாம் என்று நினைத்தேன். பிழிந்திருக்கக் கூடாது. நான் வருவதற்குள், பஞ்சு வைத்திருப்பேன் என்று நம்பி நானா போய்விட்டார். துரையின் இரட்டைக்குழல் இரண்டும் ஒரே நேரத்தில் வெடித்தது. சுவரில் காரை உதிர்ந்தது. பஞ்சு தின்ற பசு கயிற்றை அறுத்தது. நான் ஈரக் கையோடு உள்ளே ஓடினேன்.

பிள்ளை தொட்டிலில் தூங்கிக்கொண்டிருந்தான். காதில் பஞ்சு இல்லை. இமைகூட அசையவில்லை.

முதலில், நல்லகாலம் பயப்படவில்லை என்று நினைத்தேன். பிறகுதான் உறைத்தது. ஏன் பயப்படவில்லை?

"இஞ்சரும், பிள்ளை நித்திரையிலை இருந்தவன்" என்றார், சனிக்கிழமை அரைநாள் கந்தோர் முடிந்து வந்த கணவர். "நித்திரை கொள்ளுற பிள்ளைக்கு இல்லாத நோய் வருத்தம் தேடாதையும்."

"உங்கடை காதிலை கேட்டதோ இல்லையோ?"

"கந்தோர்வரைக்கும் கேட்டது."

"அப்ப தொட்டில்வரைக்கும் ஏன் கேக்கேல்லை?"

என் யோசனை முழுக்கப் பிள்ளையின் காதுதான். வயிற்றிலிருக்கும்போதே கெட்டுவிட்டதா, இல்லை அந்த ஒரு துணியால்தான் கெட்டதா? அன்றைக்கு முழுவதும் கை தட்டினேன். பிள்ளை சிரித்தான். கேட்டுச் சிரித்தானா, என் முகத்தைப் பார்த்துச் சிரித்தானா என்று தெரியவில்லை.

மறுநாள் மத்தியானம், சண்டை பிடிப்பதென்றே பிள்ளையையும் தூக்கிக்கொண்டு நானாவின் கடைக்குப் போனேன். வாசலில்தான் சங்கடம் புரிந்தது. நானாவிடம் சொல்வதென்றால் கத்த வேண்டும். "என் பிள்ளைக்குக் காது கேட்கவில்லை" என்று நடுத்தெருவில் எப்படிக் கத்துவது? படித்த பெண்ணாயிற்றே என்று ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். நானா அதைத் தலைகீழாகவும் நேராகவும் பார்த்தார். பிறகு தெருவை நோக்கி நீட்டினார்.

"மாரியம்மா! இத கொஞ்சம் சத்தமா வாசிச்சிச் செல்லுங்கோ!"

தாளைப் பறித்துக்கொண்டேன். பிள்ளையின் காதைத் தொட்டுக் கையை விரித்தேன். அதற்குமேல் முடியவில்லை, அழுதுவிட்டேன்.

நானாவின் முகம் கறுத்தது. கடைக் கதவைப் பாதி சாத்திவிட்டு வந்து பிள்ளையைக் கதிரையில் இருத்தினார்.

"வெடிய வெச்சிப் பாக்கேலாது புள்ள. வெடிக்கிச் செவிடனும் துள்ளுவான். நான் துள்ளுறல்லியா? அது ஒடம்புக்குக் கேக்கிறது. இது பொறந்ததிலேர்ந்து வெடியிலயே தூங்கிப் பழகின புள்ள. சின்னச் சத்தத்துக்குத்தான் பாக்கணும். கண்ணப் பாக்கணும். முப்பது வருஷமா நான் கேக்கிற மாதிரி நடிக்கிறவன். கேக்காத கண்ணு எப்பிடி ஈக்கும்ண்டு எனக்கித் தெரியும்."

என் முகத்தைப் பார்த்துப் பிள்ளை ஏமாற்றிவிடுவானாம். என்னை உள்வாசல் திரைச்சீலைக்குப் பின்னால் அனுப்பினார். பிள்ளை அவருடைய தாடியையே பார்த்துக்கொண்டிருந்தான். நானா தாடியைச் சால்வையால் மூடிக் கட்டினார். மேசையிலிருந்து ஒரு சின்னத் தகர டப்பாவை எடுத்து, பிள்ளையின் இடது காதுக்குப் பின்னால் கொண்டுபோய் ஆட்டினார்.

பிள்ளை அசையவில்லை.

வலது பக்கம் ஆட்டினார். பிள்ளை தன் கால்விரலைப் பார்த்தான்.

மறுபடி இடது. நானா டப்பாவை இன்னும் பலமாக ஆட்டினார். நான் சீலை ஓட்டையால் பார்த்துக்கொண்டிருந்தேன். பெரியவர் தெரிந்துதான் செய்வார் என்று வாயைப் பொத்திக்கொண்டு நின்றேன். நானா டப்பாவைக் கீழே வைத்துவிட்டு என் பக்கம் திரும்பினார். கண்ணில் தண்ணீர்.

"புள்ள..." என்றார். அவர் மெதுவாகப் பேசியதை அன்றைக்குத்தான் முதன்முதல் கேட்டேன். அப்போதுதான் எனக்கு ஒரு சந்தேகம் வந்தது.

"நானா!" என்று கத்தினேன். "எனக்கும் கேக்கேல்லை!"

"என்ன?"

"டப்பா! டப்பாவிலை சத்தமே வரேல்லை!"

திறந்து பார்த்தோம். டப்பா நிறைய, துவக்குக்குப் பூசும் கொழுப்பு.

நானா தலையில் அடித்துக்கொண்டார். ஒரே மாதிரி டப்பா இரண்டு. ஆணி இருந்த டப்பாவைத் தேடி எடுத்து, இந்தமுறை முதலில் என்னிடம் நீட்டி, "வருதா?" என்று கேட்டார். வருகிறது என்று தலையாட்டிவிட்டுச் சீலைக்குப் பின்னால் ஓடினேன். இடது பக்கம் மெல்ல ஒரு ஆட்டு. பிள்ளையின் கண் சட்டென்று இடது பக்கம் போனது. வலது பக்கம் ஒரு ஆட்டு. கண்ணோடு தலையும் திரும்பியது.

"கேக்குது! அல்ஹம்துலில்லாஹ், கேக்குது!" மேல்தெருவரைக்கும் போயிருக்கும். போகட்டும்.

"உண்மையாவோ நானா? இன்னொருக்கால் பாருங்கோ" என்று கையால் கேட்டேன். பதினொரு தரம் கேட்டேன். பன்னிரண்டாம் தரம் பிள்ளை டப்பாவைப் பறித்து வாயில் வைத்துக்கொண்டான்.

அடுத்த சனிக்கிழமையிலிருந்து நானா துவக்குகளைக் குண்டசாலைக்குக் கொண்டுபோய், ஒரு வெட்டவெளியில் வைத்து வெடித்தார். "அப்ப எங்காது வேணாமாங்க?" என்று மாரியம்மா அக்காவுக்கு ஒரே கோபம். கடைசியில் புருஷனையும் சோற்றுப் பொதியையும் கூட்டிக்கொண்டு அக்காவும் சனிக்கிழமை பஸ்ஸில் ஏறினார். இதெல்லாம் பிறகு நடந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை, நானா முகத்தைத் துடைத்துக்கொண்டு எனக்கும் தனக்கும் பால் விடாத பிளேன்டீ ஊற்றினார்.

"இந்தச் சத்தம் இருக்கே புள்ள, அது கள்ளன். ஒரே நாள்ல எல்லாத்தயும் எடுக்காது. எனக்கி மொதல்ல ராவைக்கிக் கடிக்கிற நொளம்புச் சத்தம் போச்சி. நல்லதுண்டு நெனச்சேன். பொறகு குருவி. பொறகு கேத்தல் கொதிக்கிறது. எனக்கி ஒண்டுமே தெரியல்ல. ஒருநாள் எங்கட மவ கொலுசு போட்டுக்கிட்டு ஓடி வாரா, சத்தமில்ல. கொலுசு ஒடஞ்சி போச்சாண்டு கேட்டேன்."

கோப்பையை அவர் பக்கம் நகர்த்தினேன். ஆறுதல் சொன்னாலும் கேட்காது.

அப்போது சால்வை அவிழ்ந்து தாடி வெளியே வந்தது. பிள்ளை அதைக் கண்டு சிரித்தான். வயிறு குலுங்க, மூச்சு முட்ட, வீட்டில் ஒருநாளும் சிரிக்காத சிரிப்பு. நானா அந்த வாயையே பார்த்தார்.

"சத்தம் வருதா புள்ள?"

தலையாட்டினேன்.

"எப்பிடி?"

விரலா காட்டுவது, கையா? ஒன்றும் தோன்றவில்லை. பிள்ளையைத் தூக்கி அவர் மடியில் இருத்தி, கொழுப்பும் கரியும் படிந்த அந்தக் கையை எடுத்துப் பிள்ளையின் முதுகில் வைத்தேன். நானா கண்ணை மூடிக்கொண்டார். பிள்ளை தாடியை இழுத்து இழுத்துச் சிரித்தான்.

நாலு மணிக்குத் தவறாமல் பால் கொடுக்க வேண்டும் என்று ஆஸ்பத்திரியில் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்கள். கடைக் கடிகாரம் நாலரை அடித்தது. நான் அந்தப் பக்கம் திரும்பவில்லை.