நயப்புரையும் ஒரு கொலையும்

யாழ்ப்பாணத்தில் புத்தகம் வெளியிட்டால் நயப்புரை என்று ஒன்று இருக்கும். பேசுகிறவர் கதை முழுவதையும் சபைக்கு ஒப்புவித்துவிட்டுத்தான் மேடையை விட்டு இறங்குவார். இல்லாவிட்டால், 'மனுசன் புத்தகத்தை விரிச்சும் பார்க்கேல்லை' என்று சனம் கதைக்கும். இது உலகம் முழுவதற்கும் பொதுவான வழக்கம் என்று நம்பிய மடையன் நான்.

எண்பதுகளின் நடுவில் ஒக்லாந்து நகரின் எல்லர்ஸ்லி பகுதியில் ஒரு புத்தகக் கடையில் எனக்குத் தற்காலிக வேலை. அது நிரந்தரமானால்தான் மனைவி ரதியைக் கூப்பிட விசாவுக்குப் போடலாம். எண்பத்துமூன்று கலவரத்துக்குப் பிறகு அவள் கொழும்பில் யாரோ ஒரு சொந்தக்காரர் வீட்டு அறையில் இருந்தாள். முதலாளி மார்கரெட் முகம் சுளித்தால் அன்றைக்கு எனக்குச் சோறு இறங்காது.

பழைய கால லண்டனில் நடக்கும் கொலைக் கதைகள் எழுதும் இங்கிலாந்து அம்மா ஒருவர், தன் புது நாவலுடன் கடைக்கு வருவதாக இருந்தது. தொடக்கத்தில் இரண்டு நல்ல வார்த்தை சொல்லும்படி மார்கரெட் என்னைக் கேட்டார். நன்றாகப் போனால் அடுத்த நாளே வேலையைப் பற்றிக் கதைக்கலாம் என்றார்.

உடனே ரதிக்கு ரெலிபோன் எடுத்தேன்.

"வேலை கிடைச்ச மாதிரித்தான். நீர் பெட்டியை அடுக்கும்."

"வடிவாய் வாசிச்சிட்டுப் போய்க் கதையுங்கோ. அரைகுறையாய்க் கதைச்சு மானத்தை வாங்கிப் போடாதேங்கோ."

(அரைகுறையா? நானா?)

கடை நிறையச் சனம். கோட்டுப் போட்டுக்கொண்டு எழும்பினேன். லண்டன் பனிமூட்டத்தில் தொடங்கி, மெழுகுதிரி வியாபாரியின் பிணத்துக்கு வந்தேன். யார் யார் மேல் சந்தேகம் என்று விளக்கினேன். ஒருவரும் மூச்சு விடவில்லை. என் பேச்சில் மயங்கிவிட்டார்கள் என்று எனக்குச் சந்தோஷப் புளுகம் தாங்கவில்லை. மார்கரெட் கழுத்தருகே கையை வைத்து ஏதோ சைகை காட்டினார். (குரலை உயர்த்தச் சொல்கிறாராக்கும்.) உயர்த்தினேன்.

"கொன்றது வேறு யாருமில்லை, தேவாலயத்தில் மணி அடிக்கும் அந்தச் சாதுவான மனிதர்தான்."

முன்வரிசையில் இருந்த ஒரு அம்மா தான் வாங்கிய புத்தகத்தைக் கொண்டுபோய் மேசையில் திருப்பி வைத்தார். அவருக்குப் பின்னால் ஒரு வரிசையே புத்தகமும் கையுமாக எழும்பியது. "இனி நான் சொல்ல என்ன இருக்கிறது?" என்றார் எழுத்தாளர். அதைப் பாராட்டென்று எடுத்துக் கைகூப்பினேன். கடவுளே, கைகூப்பினேன்.

மார்கரெட் சொன்னபடியே அடுத்த நாள் வேலையைப் பற்றிக் கதைத்தார். கதை சீக்கிரம் முடிந்தது. நான் இறைச்சித் தொழிற்சாலைக்குப் போனேன். ரதி வந்துசேர மேலும் இரண்டு வருடமாயிற்று. அதுவரை கொழும்பிலிருந்து ரெலிபோன் வந்தாலே ஓடிப்போய் எடுப்பேன்.

பல வருடம் கழித்து, அதே ஒக்லாந்தில் தகனினி என்ற இடத்தில் எங்கள் மகளின் கலியாணம். மைக் என் கைக்கு வந்ததும், "அப்பா, முடிவைச் சொல்லிடாதீங்க, ப்ளீஸ்" என்றாள் மகள். மண்டபம் முழுக்கச் சிரிப்பு.

ரதி மட்டும் சிரிக்காமல் என் காதுக்குள் சொன்னாள்: "அண்டைக்கு அந்த மணியடிக்கிறவனைக் காட்டிக் குடுக்காமல் இருந்திருந்தால், இவள் இரண்டு வருஷம் முந்திப் பிறந்திருப்பாள்."