நம்பர் சாரும் ஏழுமலையின் மணிக்கட்டும்

உலகத்தில் யாரையும் எதையும் நம்பாமல் ஒரு மனிதன் முழு ஆயுசையும் ஓட்டிவிட முடியும் என்பதற்கு எங்கள் நம்பர் சாரைத் தவிர வேறு அத்தாட்சி வேண்டாம். "வணக்கம் சார்" என்றால் "எதுக்கு?" என்பார். டீக்கடையில் டீயை வாங்கியதும் குடிக்க மாட்டார். பக்கத்தில் குடித்தவர் நல்லபடியாக எழுந்து போகிறாரா என்று பார்த்துவிட்டுத்தான் வாயில் வைப்பார். மழை தூறினால்கூட மாடியிலிருந்து யாராவது தண்ணீர் ஊற்றுகிறார்களோ என்று அண்ணாந்து பார்த்த பிறகே குடையை விரிப்பார். தன் சொந்தப் பெயரை எங்களிடம் சொன்னதே இல்லை. தெரிந்துகொண்டு என்ன செய்யப் போகிறோமோ என்ற கவலை.

சுதந்திரம் வந்து சில வருஷங்கள் ஆகியிருந்த சமயம். திருவொற்றியூரில் ஒரு இரும்புக் கம்பெனியின் ஆஸ்பத்திரியில் நான் கட்டுக் கட்டுகிறவன். ஆஸ்பத்திரி என்றால் இரண்டு அறை, ஒரு பெஞ்சு, நிறைய டிங்க்சர் அயோடின். நம்பர் சார் அங்கே குமாஸ்தா. அடிபட்டு வருகிறவனுடைய காயத்துக்கு, அச்சடித்த ஒரு தடிப் புத்தகத்தைப் பார்த்து நம்பர் போடுவது அவர் வேலை. மணிக்கட்டு மூட்டு நழுவினால் எண்ணூற்று முப்பத்து மூன்று. விரல் மூட்டு நழுவினால் அதற்கடுத்தது. வெறும் சுளுக்குக்கு வேறு. எப்படி அடிபட்டது என்பதற்குத் தனியாக இன்னொரு நம்பர். காலையில் வந்து போகிற டாக்டர் அதன் கீழே கையெழுத்துப் போடுவார்.

இந்த நம்பரில்தான் ஆளின் பிழைப்பே இருந்தது. நழுவல் நம்பர் விழுந்தால் கை தேறும்வரை வேலை பத்திரம். சுளுக்கு நம்பர் விழுந்தால் ஒத்தடம் கொடுத்துக்கொண்டு வேலைக்கு வந்தாக வேண்டும். வராதவன் பேரை மாசக் கடைசியில் அடித்துவிடுவார்கள்.

வருகிறவன் எல்லாம் நடிக்கிறான் என்பது நம்பர் சாரின் சித்தாந்தம். பேசிக்கொண்டே இருப்பார். திடீரென்று "ஐயோ, பிடி பிடி!" என்று பேனாவைத் தூக்கிப் போடுவார். வீங்கின கையால் எவனாவது பிடித்துவிட்டால் தீர்ந்தான். கொஞ்ச நாளில் விஷயம் கம்பெனி முழுக்கப் பரவிவிட்டது. ஒரு நாள் நிஜமாகவே அவர் கையிலிருந்து மைக்கூடு நழுவியது. "பிடி! பிடி!" என்று அலறினார். காலில் அடிபட்டு வந்தவன்கூடக் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். அன்றைக்கு அவர் வேட்டிக்கு எந்த நம்பரும் போதவில்லை.

இரும்பு இறக்கும் இடத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஒருவனுக்கு மூட்டு நழுவினால் ஆஸ்பத்திரிக்கு ஓட மாட்டார்கள். பக்கத்திலிருப்பவன், "அங்க பார்ரா, கப்பலு!" என்று கடல் பக்கம் காட்டுவான். இவன் திரும்புகிற நேரத்தில் கையைப் பிடித்து ஒரே இழுப்பு. 'டக்'கென்று மூட்டு உட்கார்ந்துவிடும். கப்பல் இருக்காது. வலி இருக்கும். அதற்கப்புறம் நம்பர் சாரிடம் வருவான்.

"நழுவிடுச்சுன்றியே, எங்கே நழுவல்? ஒழுங்காத்தானே இருக்கு?"

"தோஸ்து இஸ்து வுட்டான் சார்."

"இழுத்தா உட்காரும். உட்கார்ந்தா நழுவலே இல்லை. சுளுக்கு. அடுத்த ஆள்!"

இதனால் ஆட்கள் நழுவின மூட்டை நழுவினபடியே கொண்டுவர ஆரம்பித்தார்கள். ஒருவன் கோணிக்கொண்ட விரலோடு தேரடி வழியாக வந்தான். வழி கேட்ட யாரோ ஒருத்தர் அந்த விரல் காட்டின பக்கமே நடந்து எண்ணூர் போய்ச் சேர்ந்ததாகச் சொல்வார்கள்.

இப்படி இருக்கையில்தான் ஏழுமலையின் கை வந்து சேர்ந்தது. குப்பத்துக்காரன், மூட்டை போல உடம்பு, பூனை போலக் குரல். கம்பிக் கட்டு இறக்கும்போது கயிறு சுண்டி வலது மணிக்கட்டு நழுவிவிட்டது. அப்படியே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போகத்தான் புறப்பட்டார்கள். ஆனால் கூடப்போன தாஸுக்கு அவன் துடிக்கிறதைப் பார்க்கப் பொறுக்கவில்லை. பாதி வழியில் கப்பலைக் காட்டிவிட்டான்.

தாஸு குஸ்தி பழகுகிறவன். நம்பர் சாருக்கு அது போதாதா?

"பயில்வான் ஏன் உன் கையைப் பிடிச்சான்? ரெண்டு பேரும் குஸ்தி போட்டீங்களா?"

"நானா? குஸ்தியா? எம் பொஞ்சாதி கூடவே போட மாட்டேன் சார்."

"சுளுக்கு!"

ஏழுமலையால் வேலைக்கு வர முடியவில்லை. மாசக் கடைசி நெருங்கிக்கொண்டிருந்தது. அவன் பெண்சாதி முனியம்மா மீன் கூடையோடு ஆஸ்பத்திரிக்குள் நுழைந்தாள்.

"யோவ் நம்பரு! என் வூட்டுக்காரன் கை பன்னு கணக்கா ஊதிக் கீது. நீ சுளுக்குன்ற. உங்கிட்ட நம்பரு வாங்கணும்னா இன்னா, கையை அறுத்து எட்தாந்து வெக்கணுமா?"

"அறுத்தா அதுக்கு வேற நம்பர்," என்றார் நம்பர் சார்.

கூடையைத் தூக்கினாள். நான் குறுக்கே விழுந்து தடுத்தேன். போகிறபோது அவள் திட்டவில்லை. "வேலை பூட்ச்சின்னா அந்தக் கையோட எங்க போவான்?" என்று என்னைப் பார்த்துக் கேட்டுவிட்டுப் போனாள். நம்பர் சார் அன்று மத்தியானம் முழுக்கப் பேனாவைத் திறந்து திறந்து மூடினார்.

ஞாயிற்றுக்கிழமை என் வீட்டு வாசலில் நின்றார். கறுப்புக் கண்ணாடி, குடை.

"கிளம்பு. குப்பத்துக்குப் போய் அவன் நடிப்பைப் பிடிக்கணும். ஒரு சாட்சி வேணும். உன்னையும் நம்பலை, ஆனா வேற ஆள் இல்லை."

மணலில் கிடந்த ஒரு கட்டுமரத்துக்குப் பின்னால் பதுங்கினோம். கொஞ்ச நேரத்தில் ஏழுமலை தனியாக வந்து கடலைப் பார்த்து நின்றான். அடித்த காற்றில் லுங்கி அவிழ்ந்தது. இடது கையால் பிடித்தான். வலது கை உதவிக்கு வந்து, பாதியில் நின்று, தொங்கிவிட்டது. உட்கார்ந்து, ஒரு முனையைப் பல்லில் கடித்து, மறு முனையை இடது கையால் சொருகினான். எழுந்தான். மறுபடி அவிழ்ந்தது. சுற்றிலும் பார்த்துவிட்டு மறுபடி உட்கார்ந்தான். நம்பர் சார் கண்ணாடியைக் கழற்றிவிட்டார்.

மதுவிலக்கு அமலில் இருந்த காலம் அது. கட்டுமரத்துக்குப் பின்னால் குடையோடு ஒருத்தன் பதுங்கினால் குப்பம் என்ன நினைக்கும்? திரும்பினால் பின்னால் பத்துப் பதினைந்து பேர்.

"யார்யா நீ? இன்னாத்துக்கு இங்க குந்திகினு கீற?"

"காத்து வாங்க வந்தேன்," என்றார் நம்பர் சார்.

"காத்து வாங்கறவன் தலைய எதுக்குக் கீய வெச்சிகினு கீற? மாமு, சாராயம் புடிக்கற போலீஸுடா இவன்!"

சட்டைக் காலரைப் பிடித்துவிட்டார்கள். முனியம்மா ஓடி வந்தாள். "வுடுங்கடா! போலீஸு இல்ல, அத்தவிடப் பேஜாரு. நம்பரு!"

காலரை விட்டுவிட்டு எல்லோரும் இரண்டடி விலகி நின்றார்கள்.

திரும்பி வரும்போது நம்பர் சார் கேட்டார்: "சுளுக்கா இருந்தா இந்நேரம் ஆறியிருக்கணும் இல்லே?"

"ஆமா சார்."

"யாருமே பாக்கலைன்னு நினைக்கிறவன் பல்லால லுங்கி கட்டி நடிப்பானா?"

"மாட்டான் சார்."

"நீ ஏன் இவ்வளவு சீக்கிரம் ஒத்துக்கறே?"

மறுநாள் சுளுக்கை அடித்துவிட்டு எண்ணூற்று முப்பத்து மூன்று என்று எழுதினார். எப்படி என்பதற்கு, கயிறு சுண்டியது என்ற நம்பர். டாக்டர் தயங்கினார். விசாரிக்கக் கம்பெனி லேபர் ஆபீசரே வந்துவிட்டார்.

"மூட்டு ஒழுங்கா இருக்கே. நழுவினதை யார் பாத்தது?"

"பாக்கலை. ஆனா நம்பறேன்," என்றார் நம்பர் சார்.

லேபர் ஆபீசர் நாற்காலியில் உட்கார்ந்து, "நீங்களா?" என்றார். பிறகு டாக்டர் பக்கம் திரும்பி, "போட்டுடுங்க டாக்டர். இவரே நம்பிட்டாருன்னா இனிமே நான் எங்கே போய் விசாரிக்கிறது?" என்றார்.

மாசக் கடைசியில் ஏழுமலையின் பேரை அடிக்கவில்லை. முனியம்மா பெரிய வஞ்சிரம் ஒன்றைக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்தாள்.

"இதுக்குள்ளே என்ன வெச்சிருக்கே?"

"முள்ளு!" என்றாள்.

அதற்கப்புறமும் ஞாயிறு தவறாமல் நம்பர் சார் குப்பத்துக்குப் போய்க்கொண்டிருந்தார். கேட்டால், "இன்னும் சந்தேகம் தீரலை. நடிக்கிறானான்னு பாத்துட்டு வரேன்" என்பார். ஏழுமலை அந்தக் கையால் மறுபடி கம்பி தூக்குகிறவரை போனார். சந்தேகப்பட்டுப் போகிறவர் கக்கத்தில் தைலப் பாட்டில் எதற்கு என்று நாங்கள் யாரும் அவரைக் கேட்டதில்லை.