சாகத் தெரியாத அத்தான்

சாகச் சொன்னால் சாகாத மனிதர்கள் தனி இனம். உங்கள் தெருவிலும் ஒருவர் இருப்பார். குறும்படம் எடுக்கிறோம் என்று யாராவது வாய் திறந்தால் போதும், தலையை வாரிக்கொண்டு முதல் ஆளாக வந்து நிற்பார். "சின்ன வேஷம் போதும்ப்பா" என்பார். நம்பிவிடாதீர்கள்.

ஜெராக்ஸ் கடைக்காரர் நம்பினார். பிணங்கள் ஜாம்பிகளாக எழுந்து ஊரை விரட்டும் ஆறு நிமிட நகைச்சுவைப் படம், மனுஷனுக்கு மூன்று வருஷக் கனவு. போட்டிக்கு அனுப்ப, படம் பிடித்த அன்று மாலையே கடைசி. பல் டாக்டர் சாப்பிடப் போகும் நேரத்தில், ஒன்றிலிருந்து மூன்று மணிவரை, நோயாளிகள் காத்திருக்கும் அறையைக் கொடுத்திருந்தார். கேமரா பிடித்தவன் நான்.

எங்கள் தெருவில் அப்படி வந்து நின்ற என் அக்கா புருஷனுக்குக் கொடுத்த வேலை ஒன்றே ஒன்று. முதல் காட்சியில் ஜாம்பி கடித்ததும் 'ஆ' என்று விழவேண்டும். அத்தான் ஆயுள் காப்பீடு விற்பவர். ஊரார் சாவைப் பற்றி அரை நிமிடத்தில் பேசி முடிப்பவர்.

ஜாம்பியாக வந்த தையற்காரர் கடித்தார். அத்தான் விழுந்தாரா? நாற்காலியைப் பிடித்தார், சுவரைப் பிடித்தார், பாதி விழுந்து எழுந்தார், மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துச் சட்டைப்பையில் பத்திரப்படுத்தினார், மனைவியை மன்னித்தார், மேலாளரை மன்னிக்கவில்லை, தண்ணீர் கேட்டார், கடித்த ஜாம்பிக்கே புத்தி சொன்னார். விழத்தான் இல்லை.

"அத்தான், செத்துட்டீங்க!"

"இரு மாப்ளே, உசிரு சட்டுன்னு போயிடுமா?"

"நீங்க சாகாம கதையே ஆரம்பிக்காது அத்தான்!"

"அப்ப நான்தான் ஹீரோன்னு சொல்லு."

பதினான்காவது முறை கடித்தபோது தையற்காரருக்குத் தாடை பிடித்துக்கொண்டது. முகத்தில் மாவு பூசி வெளியே காத்திருந்த ஐந்து ஜாம்பிகளும் பசி தாங்காமல் வீட்டுக்குப் போய்விட்டார்கள். மூன்று மணிக்கு டாக்டர் வந்து கதவைத் திறந்தார். கடைக்காரர் தரையில் உட்கார்ந்துவிட்டார். எனக்கே அழுகை வந்தது. அத்தான் மட்டும் இன்னும் செத்துக்கொண்டிருந்தார்.

கடித்த ஒரு நொடி போக, எடுத்ததெல்லாம் அத்தான் சாவதுதான்; அதையே ஒட்டி அனுப்பினோம். போட்டிக்காரர்களிடமிருந்து ஒரே வரி பதில் வந்தது: 'ஜாம்பி படம் என்றீர்களே, ஜாம்பி எங்கே?'

சிரிக்கிறீர்கள். போன வாரம் ஒரு வீட்டில் "சரி, நான் கிளம்பறேன்" என்று எழுந்தீர்களே, ஞாபகம் இருக்கிறதா? அறைவாசலில் கால் மணி, படியில் அரை மணி, வண்டியில் ஏறி உட்கார்ந்த பிறகு "அட, சொல்ல மறந்துட்டேன்" என்று இன்னும் ஒரு கால் மணி. கதவைப் பிடித்தபடி, கண் செருக, வாய் திறந்து நின்றாரே வீட்டுக்காரர், அவர் முகத்தை நிமிர்ந்து பார்த்தீர்களா?

ஜாம்பி அப்படித்தான் இருக்கும்.