மந்திரியம்மாவும் ஒரு முழங்கையும்

நார்வே நாட்டுச் செய்திகளை நார்வேக்காரர்களைவிட அதிகம் பார்த்த மனிதர் எங்கள் அபிராமபுரம் ஆட்டோ ஸ்டாண்டில் இருந்தார். சொந்தப் பெயர் அவருக்கே மறந்திருக்கும். எல்லோருக்கும் அவர் நார்வே நைனா.

அந்த நாட்டு மந்திரியம்மா ஒருவர் அடையாறு ஆற்றோரக் குடியிருப்பைப் பார்க்க வந்தபோது, மழைத் தண்ணீரில் கார் நின்றுவிட்டது. அந்தப் பக்கம் போன நைனாவின் ஆட்டோவில் ஏறிக்கொண்டார். இறங்கும் இடத்தில் எதிரே கேமராக்கள். கல்யாண வீடியோ எடுப்பவர் முன்னால் நாமெல்லாம் குனிந்து ஓடுவோமே, அதே பழக்கம். அம்மாவை மறைக்கக் கூடாதென்று நைனா ஹேண்டில்பாருக்குக் கீழே குனிந்துவிட்டார். ஊர் உலகமெல்லாம் போன படத்தில் அவருடைய இடது முழங்கை மட்டும், சைலன்சர் சுட்ட தழும்போடு, கம்பீரமாகத் தெரிந்தது.

அவர் மனைவி நம்பவில்லை. "ஆட்டோ ஓட்ற பாதிப் பேருக்கு இந்தத் தழும்பு கீது. மூஞ்சியக் காட்டு, ஒத்துக்கறேன்."

எதிலாவது தன் முகமும் வந்துவிடாதா என்று அன்றிலிருந்து மனிதர் ஓயவில்லை. மந்திரியம்மா எங்கே பேட்டி கொடுத்தாலும், எந்த ஆவணப்படத்தில் வந்தாலும், நைனாவின் போனில் ஓடும். "இன்னிக்கு பச்சை கோட்டு. மூஞ்சி வாட்டமா கீது சார்" என்பார். புரியாத பாஷையில் செய்தி வாசிப்பவனுக்குத் தலையாட்டி, "கரெக்டாத்தான் சொல்றான்" என்பார்.

நந்தனம் சிக்னலில் பச்சை விழுந்து, பின்னால் நூறு ஹாரன் அலறும். "ஒரு நிமிசம் சார், என் கை வர்ற நேரம்!" மயிலாப்பூர் மாமி ஒருத்தி பொறுமை இழந்தே போனாள். "கச்சேரி ஆரம்பிச்சுடப் போறது! என்னை சபாவுல விட்டுட்டு அப்புறமா நார்வேக்குப் போ!"

எனக்கும் எரிச்சல் வரும். "விட்டுத் தொலைங்களேன் நைனா!"

"இல்ல சார். ஒரே ஒரு தபா வூட்டுல அவ பாக்கணும். நான் பொய் சொல்லலன்னு."

பிறகு அவர் குடியிருந்த ஆற்றோர வீடுகளை இடித்துவிட்டு, எல்லோரையும் ஊருக்கு வெளியே அடுக்குமாடி பிளாக்குகளுக்கு அனுப்பினார்கள். நைனா ஸ்டாண்டுக்கு வருவது நின்றது.

போன மாதம் மந்திரியம்மாவைப் பற்றிய நீளமான ஆவணப்படம் ஒன்று கண்ணில் பட்டது. வழக்கமாக அந்த ஆட்டோக் காட்சியை வெட்டிவிடும் இடத்தில் இதில் வெட்டவில்லை. இறங்கிய அம்மா டிரைவரைக் காணாமல் திகைக்கிறார். பிறகு அவரும் குனிந்து, ஹேண்டில்பாருக்குக் கீழே எட்டிப் பார்க்கிறார். வெட்கத்தோடு நைனா நிமிர்கிறார். முழு முகம். அத்தனை பல்லும் தெரியும் சிரிப்பு!

நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்து அவர் நம்பருக்கு அடித்தேன். அது உபயோகத்தில் இல்லையாம். ஸ்டாண்டுக்கு ஓடினேன். "எந்தப் பிளாக்குன்னு யாருக்கும் தெரியாது சார்" என்றார்கள்.

அந்தக் காட்சியைப் போனில் வைத்துக்கொண்டு அலைகிறேன். எந்த ஆட்டோவில் ஏறினாலும் முதலில் டிரைவரின் இடது முழங்கையைத்தான் பார்க்கிறேன். அவர் மனைவி சொன்னது சரி, பாதிப் பேருக்கு அந்தத் தழும்பு இருக்கிறது. ஒவ்வொரு முறையும் முகத்தையும் பார்த்துவிட்டுத்தான் உட்காருகிறேன்.