தாய்மாமன் வேடத்தில் ஜார்ஜியாக்காரர்

நரிக்குடி

அன்புள்ள மைத்துனர் ஆனந்தகுமாருக்கு, பெயிண்டுக் கடை சௌந்தரபாண்டியன் எழுதுவது. இங்கு நான், உங்கள் அக்கா முத்துலட்சுமி, குழந்தை சுவாதி மூவரும் நலம். சென்னையில் நீங்களும் உங்கள் சினிமாக் கம்பெனியும் நலமாகத்தான் இருப்பீர்கள். பதினாறு தடவை அடித்தும் போனை எடுக்க முடியாத அளவுக்கு நலம் என்று தெரிந்துதான் கடிதம் எழுதுகிறேன்.

தங்க இடமில்லை என்று எங்கள் வீட்டு மாடிக்கு நீங்கள் அனுப்பிவைத்த ஜார்ஜியா நடிகர் தெமூர் சௌக்கியம். கண்மாய்க்கரையில் எடுக்கும் உங்கள் படத்தில் வெள்ளைக்காரக் கலெக்டராகச் சாக வந்தவர், வந்த அன்றே மாடியில் செத்துப் பழகினார். காபி கொண்டுபோன உங்கள் அக்கா, "ஐயோ, வந்த மனுசன் போயிட்டாரே!" என்று சொம்புத் தண்ணீரை முகத்தில் ஊற்ற, எழுந்து கும்பிட்டார். உதவி இயக்குநர் ராஜகுருதான் அவர் பேச்சை எங்களுக்குச் சொல்கிறார். சொந்த நாட்டுப் படங்களில் தபால்காரர், பாதிரியார், குடிகாரர் என்று இருபது வருடமாக ஓரத்தில் நிற்கிறாராம். நம் ஆட்கள் அங்கே பாட்டு எடுக்கப் போனபோது போலீஸ்காரராக வந்தவர், பிறகு தமிழில் மட்டும் பதினொரு தடவை செத்திருக்கிறார். ஆனால் அவருக்கு உயிர், திரைக்கதை எழுதுவதுதான். எழுதியது ஏழு, படமானது ஒன்று, அதுவும் ஓடவில்லை. கேட்டதும் எனக்கே மனசு கஷ்டமாகிவிட்டது.

நிற்க. போன வெள்ளிக்கிழமை சுவாதிக்குக் காதுகுத்து. தாய்மாமன் மடியில் உட்காரவைத்துக் குத்த வேண்டும். உங்களுக்காக இரண்டு தடவை தேதியை மாற்றியும் நீங்கள் வரவில்லை. ஆசாரி ஊசியோடு நிற்கிறார், தெமூர் பட்டுவேட்டியில் பெல்ட்டை இறுக்கிக்கொண்டு வந்து, "அந்த வேஷம் காலியாத்தான இருக்கு, நான் பண்ணட்டுமா?" என்று ராஜகுருவைக் கேட்கச் சொன்னார். சம்மணம் போட்டு உட்கார்ந்தார் பாருங்கள்! பிள்ளை அழுததைவிட அவரு அழுததுதான் அதிகம். அப்புறம் அவங்க நாட்டு வழக்கமாம், மோர் டம்ளரைத் தூக்கிப் பிடிச்சுக்கிட்டு பிள்ளைக்கு, ஆசாரிக்கு, வெட்டின கெடாவுக்குன்னு அரை மணி நேரம் வாழ்த்துச் சொன்னாரு, சோறு ஆறிப்போச்சு. "இவுகளே தாய்மாமனா இருந்துட்டுப் போகட்டுமேய்யா"ன்னு மொக்கையன் பெரியப்பா சபையில சொல்லிட்டாக. மறுநாள் கண்மாய்க்கரையில இவரை அடிச்சுக் கொல்ற காட்சி. ஊர்க்காரங்க அம்பது பேரும், "தாய்மாமன் மேல எப்படிக் கை வைக்கிறது?"ன்னு கம்பைக் கீழ போட்டுட்டாங்க. டைரக்டரும் வேற வழியில்லாம கலெக்டரை உயிரோட கப்பலேத்தி விட்டுட்டாரு.

ஆகவே உங்கள் மேல் எங்களுக்கு வருத்தமில்லை. தாய்மாமன் இடம் நிரம்பிவிட்டது. நிம்மதியாக வேலையைப் பாருங்கள். குலசாமி உங்களுக்கு நல்ல பெண்ணையும், எடுத்துப் பேசுகிற மாதிரி ஒரு போனையும் அருளட்டும்.

இப்படிக்கு,
உங்கள் அக்காள் புருஷன்
சௌந்தரபாண்டியன்

பின்குறிப்பு: டைரக்டரிடம் கேட்டால் உங்களுக்குத் தெரிந்துவிடும், நானே சொல்லிவிடுகிறேன். காதுகுத்திலிருந்து கப்பல் வரைக்கும் தெமூர் சொல்லச் சொல்ல எழுதியது. கலெக்டரை ஒழுங்காகத்தான் அடித்துக் கொன்றார்கள். காது இன்னும் குத்தவில்லை. "எந்தம்பி மடியில தவிர எவுக மடியிலயும் எம்புள்ளைய உக்கார வைக்க மாட்டேன்" என்று உங்கள் அக்கா தோட்டைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டு அழுதாள். அதைப் பார்த்துத்தான் தெமூர், "தம்பி பொறாமையில ஓடி வர்ற மாதிரி நான் ஒரு கதை எழுதுறேன்" என்றார். இருபதாம் தேதி நாள் நல்லாயிருக்கிறது. நீங்கள் வந்து இறங்கினால் அவர் எழுதி ஜெயித்த முதல் கதை இதுதான். நான் சொல்லிவிட்டேன் என்று காட்டிக்கொள்ளாதீர்கள், மாப்பிள்ளை. வரும்போது கொஞ்சம் கோபமாகவே வாருங்கள்.