அம்மன் கொடுத்த சீனியாரிட்டி

படிப்பு கம்மியாகவும் பக்தி ஜாஸ்தியாகவும் இருக்கிற ஆளால் ரயில்வேக்கு ஒரு ஆபத்தும் இல்லை. அவனைக் கட்டிக்கொண்டவளுக்குத்தான் ஆபத்து. நான் எட்டாவது வரை படித்தவன். வெள்ளிக்கிழமை கங்கையம்மன் கோயிலுக்குப் போகாமல் பச்சைத் தண்ணீர் குடிக்கமாட்டேன். மீதியை நீங்களே யூகிக்கலாம். (என் மனைவி தேசம்மா யூகிக்காமல் கழுத்தை நீட்டிவிட்டாள்.)

ஜோலார்பேட்டைப் பக்கம் தண்டவாளம் பழுது பார்க்கிற கேங்கில் பதினோரு வருஷம் வேலை செய்தேன். குடும்பம் பழவேற்காடு ஏரிக்கரைக் குப்பத்தில். மாசத்துக்கு ஒரு தடவை வீட்டுக்கு வந்தால் என் சின்ன மகள், யாரோ வந்திருக்கிறார்கள் என்று கதவுக்குப் பின்னால் போய்விடுவாள். அது பொறுக்காமல் சொந்த விருப்பத்தில் மாறுதல் கேட்டு, பொன்னேரிப் பக்கத்து கேங்குக்கு வந்து சேர்ந்தேன். அப்படிக் கேட்டு வருகிறவனுக்குப் பழைய சர்வீஸ் சீனியாரிட்டியில் சேராது. புது இடத்து வரிசையில் கடைசியில்தான் நிற்கவேண்டும். சம்மதம் என்று கையெழுத்துப் போட்டேன். மகள் மடியில் வந்து உட்கார்ந்தால் போதும் என்றிருந்தது.

நான் சேர்ந்து எட்டு நாள் கழித்து குமரேசன் வந்தான். அனுப்பம்பட்டுப் பக்கம் நெல் பயிரிடுகிற குடும்பம். பரீட்சை எழுதி, பயிற்சி முடித்து, நேரடியாக வேலைக்கு வந்தவன். எனக்குப் பின்னால் ஒரு ஆள் கிடைத்தான் என்கிற சந்தோஷம், சீனியாரிட்டி பட்டியலை ஒட்டுகிற வரைக்கும்தான். அதில் குமரேசன் மேலே, நான் கீழே. அவனுக்குப் பயிற்சியில் சேர்ந்த தேதியிலிருந்தே கணக்குப் போட்டுவிட்டார்கள். ஆட்சேபம் இருந்தால் ஒரு மாசத்துக்குள் எழுதிக் கொடுக்கலாம் என்று அடியில் இருந்தது.

கேங்கில் ஒரு ஆள் அதிகம், பட்டியலில் கடைசி ஆளைத் திரும்ப வெளியூருக்கு அனுப்பப்போகிறார்கள் என்று பேச்சு வேறு. அதாவது, நானோ அவனோ.

கேங் இரண்டாகப் பிளந்தது. நேரடியாக வந்தவர்கள், பயிற்சியும் சர்வீஸ்தான் என்றார்கள். மாறுதலில் வந்தவர்கள், கேங்கில் முதல் நாள் சுத்தியல் பிடித்த தேதிதான் கணக்கு என்றோம். சாப்பாட்டு நேரத்தில் டிபன் பாக்ஸ்கூடத் தனித்தனி மரத்தடியில் திறந்தது. அதுபோக என் பதினோரு வருஷ சர்வீஸையும் வீட்டில் தினமும் கத்திச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"முன்னாடி வந்தவன்தான் பெரியவன்னா, நம்ம ஊர்ல முந்நூறு வருசமா கெடக்குற டச்சுக்காரன் கல்லறைக்குத்தான் மொதல்ல ப்ரமோசன் குடுக்கணும்," என்றாள் தேசம்மா. "என்கிட்ட கத்தாம ஆபீஸுக்கு எழுதுய்யா."

எழுதியிருக்கலாம். ஆனால் குப்பத்து வழக்கம் என் மண்டையில் உட்கார்ந்திருந்தது. ஏரியில் எந்த இடத்தில் யார் எந்த நாள் வலை போடுவது என்கிற முறைக்கு எங்களில் பாடு என்று பேர். அதைச் சீட்டுப் போட்டுத்தான் முடிவு செய்வார்கள். சீட்டில் வந்ததற்கு எவனும் மறுபேச்சுப் பேசமாட்டான். ஏரியையே பங்கு போட்டுக் கொடுக்கிற அம்மனுக்கு இரண்டு கேங்மேன்களை வரிசையில் நிறுத்தத் தெரியாதா என்று தோன்றியது. (தோன்றியபோது உடம்பு சிலிர்த்தது. அருள் என்று நினைத்துவிட்டேன்.)

குமரேசனும் சண்டை போட்டுக் களைத்திருந்தான், அம்மன் சந்நிதியில் எங்கள் இரண்டு பேரையும் எழுதிச் சீட்டுப் போட ஒத்துக்கொண்டான். நிபந்தனையை நானே வகுத்தேன். யார் பேர் வருகிறதோ அவன்தான் சீனியர். தோற்றவன் ஆபீஸுக்கு ஒரு வரி மனுகூட எழுதக்கூடாது. கற்பூரத்தின் மேல் இரண்டு பேரும் சத்தியம் செய்தோம்.

பூசாரி எடுத்தார். என் பேர்.

அழுதேவிட்டேன். கோயிலை ஒன்பது சுற்று சுற்றினேன். கேங்குக்கே சர்க்கரைப் பொங்கல் கொண்டுபோனேன். குமரேசன் வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, "நீதாண்ணா சீனியர், இனிமே பேச்சே இல்ல," என்றான். தேசம்மா மட்டும் மனு, மனு என்று மாசம் முழுக்க நச்சரித்தாள். அம்மன் தீர்ப்புக்கு மேலே மனு எழுதுவது மகாபாவம் என்று அவளுக்கு உபதேசம் செய்தேன்.

கெடு முடிந்த நாலாம் நாள் ஆர்டர் வந்தது. பட்டியலில் கடைசி ஆள் ஏகாம்பரம், அதாவது நான். மறுபடியும் ஜோலார்பேட்டை.

குங்குமம் ஒட்டிய சீட்டோடு ஆபீஸுக்கு ஓடினேன். அங்கிருந்த வயதான கிளார்க் அதை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். நடந்ததையெல்லாம் சொன்னேன்.

"அந்த ஆளு மனு குடுத்தானா?"

"இல்ல சார். சத்தியத்த காப்பாத்திட்டான்."

"அவன் எதுக்குக் குடுக்கணும்? லிஸ்ட்டுல அவன்தான மேல இருக்கான். நீ குடுத்தியா?"

"நான்தான் ஜெயிச்சிட்டேனே சார்."

அவர் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். "நாயம் உன் பக்கம்தாம்பா, கேங்குல சேர்ந்த தேதிதான் கணக்கு. நாலு வரி எழுதியிருந்தா உன் பேரு மேல போயிருக்கும். இப்ப கெடு முடிஞ்சி போச்சி."

தோற்றிருந்தால் சத்தியத்துக்குக் கட்டுப்பட்டு எழுதியிருக்கமாட்டேன். ஜெயித்ததால் எழுதவில்லை. எந்தச் சீட்டு வந்திருந்தாலும் ஜோலார்பேட்டைதான். அப்படியொரு நிபந்தனையை என் எதிரிகூட எனக்கு வகுத்திருக்கமாட்டான்.

குமரேசன் அன்று சாயங்காலமே வீட்டுக்கு வந்துவிட்டான். "நீதான் சீனியர்னு நானே எழுதித் தர்றேண்ணா. ஆனா எழுதமாட்டேன்னு கற்பூரத்து மேல சொல்லிட்டேனே, இன்னா பண்றது?" பூசாரியிடம் பரிகாரம் கேட்டு, மொட்டை போட்டுக்கொண்டு வந்து எழுதினான். கெடு முடிந்துவிட்டது என்று அவனுக்கும் ஒரே வரியில் பதில் வந்தது. முடி முளைக்கும் முன்னே நான் ரயிலேறிவிட்டேன்.

ஜோலார்பேட்டையில் மேலும் ஏழு வருஷம் போனது. பெரியவள் வயசுக்கு வந்ததைப் போனில் கேட்டேன். சின்னவள் மறுபடியும் கதவுக்குப் பின்னால் போகப் பழகிவிட்டாள். அம்மன்மேல் குறையில்லை. கேட்டதை அவள் கொடுத்தாள், எனக்குத்தான் கேட்கத் தெரியவில்லை. ஆனாலும் அந்த ஏழு வருஷத்தை நினைத்தால் இன்றைக்கும் சந்நிதியில் எதையும் கேட்பதில்லை. கும்பிட்டுவிட்டு வந்துவிடுவேன்.

போன மாசம் சின்ன மருமகன் ஏதோ பரிசுக் குலுக்கலில் தன் பேர் விழுந்ததாக வாசலிலிருந்தே கூவிக்கொண்டு வந்தார். சின்னவள் அடுப்படியிலிருந்து தலையைக்கூட நீட்டவில்லை.

"ஜெயிச்சிட்டீங்களா? சரி, துணிமணியெல்லாம் எடுத்து வெச்சிடறேன்."